மாடிப்படிக்கு அடியில் நாற்றம்

நாற்றத்தைப் பற்றிச் சின்னவளுக்குப் பாடம் எடுக்க அந்த வீட்டில் ஒருவருக்கும் யோக்கியதை கிடையாது. பதினோரு வருஷமாக ஆஸ்பத்திரியின் சலவைப் பிரிவில் வேலை பார்க்கிறாள். சிவப்புப் பைகளில் கட்டி வரும் படுக்கை விரிப்புகளை அவிழ்த்து, ரத்தம் ஒரு பக்கம், சீழ் ஒரு பக்கம், மற்றது ஒரு பக்கம் என்று பிரித்துப் போடுகிறவள். ரத்தக்கறைக்கு முதலில் பச்சைத் தண்ணீர்தான். சுடுதண்ணீர் பட்டால் கறை துணியோடு வெந்து ஒட்டிக்கொள்ளும். ஈரமாக மூட்டை கட்டினால் மறுநாளே பூஞ்சை. இதெல்லாம் அவளைத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வாள். மூக்கைப் பொத்துகிற பழக்கம் சேர்ந்த முதல் மாதமே போய்விட்டது. அப்பேர்ப்பட்டவளுக்கே ஒருநாள் குடலைப் புரட்டியது என்றால், அது அழுகிய தக்காளியால் இல்லை.

அண்ணன் தம்பி இரண்டு குடும்பமும் ஒரே வீட்டில் இருந்தார்கள். அண்ணன் டைல்ஸ் கடையில் மேலாளர். வீட்டில் அவர்தான் பெரியவர். அவர் மனைவி பள்ளிக்கூடத்து ஆசிரியை, வீட்டிலும் எல்லாருக்கும் டீச்சர்தான். அவர்களுக்குக் குழந்தை இல்லை. தம்பிக்குத் தெருமுக்கில் ஜெராக்ஸ் கடை; நகல் எடுப்பான், லேமினேஷன் போடுவான், பாஸ்போர்ட் போட்டோ எடுப்பான். வாயைத் திறந்தால் முத்து உதிர்ந்துவிடுமோ என்று பயப்படுகிற கல்லுளிமங்கன். அவன் மனைவிதான் நம் சின்னவள். அவர்களுக்கு ஒரே மகள், குட்டி, ஒன்பது வயசு.

நாலு வருஷத்துக்கு முன்னால் தொற்று வந்து ஊரே கதவடைத்துக் கிடந்தபோது ஆஸ்பத்திரியை மட்டும் அடைக்க முடியவில்லை. நான் கொஞ்ச நாள் விலகி இருக்கிறேன் என்று முதலில் சொன்னவள் சின்னவள்தான். பதினாலு நாள் என்றாள். கார் ஷெட்டில் ஒரு கட்டில் போட்டுக்கொண்டாள். பதினாலு முப்பதாகி, முப்பது எழுபதாகி, கடைசியில் நூற்று நாற்பத்து மூன்றில் போய் நின்றது. மூன்று முறை பரிசோதனை செய்து, தொற்று இல்லை என்று தாள் கொண்டுவந்து ஷட்டருக்கு வெளியே காட்டினாள். "தாள்ல இல்லேன்னா உடம்புல இல்லேன்னு ஆயிடுமா?" என்று கேட்டாள் டீச்சர்.

சாப்பாடு எப்படி வரும் தெரியுமா? ஷட்டரை ஒரு சாண் தூக்கி, தட்டைத் தரையில் வைத்து உள்ளே தள்ளுவார்கள். எதால்? குளியலறையில் தண்ணீர் தள்ளுகிற வைப்பரால். தலைமுடிச் சுருளும் காய்ந்த சோப்பு நுரையும் ஒட்டிய அந்த ரப்பர் தட்டின் விளிம்பை முத்தமிட்டுக்கொண்டே வரும். சின்னவள் அந்தப் பக்கத்தைத் தொடாமல் எதிர்ப்பக்கமாக அள்ளிச் சாப்பிடுவாள். தூ, சொல்லவே நாக்குக் கூசுகிறது. ஊராரின் சீழைத் துவைத்துவிட்டு வந்த மனுஷிக்கு வீட்டு மனிதர்கள் செய்த உபசாரம் இது.

ஷெட்டுக்கும் சமையலறைக்கும் நடுவில் ஒரு கதவு உண்டு. இரண்டு பக்கமும் சாவி போட்டுத் திறக்கிற பூட்டு. "அதை மட்டும் திறந்து வைங்க, பத்தடி தள்ளி நின்னு பிள்ளையைப் பாத்துக்கறேன்" என்று சின்னவள் கேட்டாள். சாவி தொலைந்துவிட்டது என்றார்கள். பூட்டுக்காரரைக் கூப்பிடலாமே என்றாள். ஊரே அடைந்து கிடக்கையில் பூட்டுக்காரன் எங்கே வருவான் என்றார்கள். நியாயம்தானே என்று நம்பினாள். சாயங்காலமானால் குட்டி அந்தக் கதவைத் தட்டி, "அம்மா, தொற" என்று அழும். "சாவி இல்லடா கண்ணு" என்று இந்தப் பக்கம் இவள் அழுவாள். சமையலறை மின்விசிறியின் சத்தத்தில் பாதி வார்த்தை போய்ச் சேராது. பிறகு ஒருநாளிலிருந்து தட்டும் சத்தம் நின்றுவிட்டது.

எல்லாம் ஓய்ந்து முன்வாசல் வழியாக வீட்டுக்குள் வந்தபோது மகள் ஓடிவரவில்லை. டீச்சரின் இடுப்பைக் கட்டிக்கொண்டு பின்னால் நின்றது. அன்றிலிருந்து அம்மா தட்டை நீட்டினாலும் சரி, தலைவாரச் சீப்பை எடுத்தாலும் சரி, பிள்ளை வாயில் ஒரே கேள்விதான். "கை கழுவினியா?" கழுவினேன் என்று சொன்னாலும் ஓரடி தள்ளித்தான் நிற்கும். பெரியம்மா வாரினால்தான் அதற்குத் தலை படியும்.

ஒருநாள் பொறுக்கமாட்டாமல், "நான் உனக்கு என்னடி செஞ்சேன்?" என்று சின்னவள் கேட்டே விட்டாள்.

"சாவி உன்கிட்டதானே இருந்துச்சு. நீதான் தொறக்கல" என்றது பிள்ளை, நிதானமாக.

"யார் சொன்னா?"

"பெரியம்மா."

"சாவி தொலைஞ்சு போச்சு கண்ணு. என்கிட்ட இருந்திருந்தா அன்னைக்கே திறந்திருக்க மாட்டேனா?"

"பெரியம்மா டீச்சர். பொய் சொல்ல மாட்டாங்க."

நேராகப் புருஷனிடம் போனாள். "நீங்களாவது அவகிட்ட ஒரு வார்த்தை சொல்லுங்க." "பழசை எதுக்குக் கிளறிக்கிட்டு, விடு" என்றான் அவன், தாளை மெஷினுக்குள் விடுகிற அதே முகத்தோடு. பெற்ற பிள்ளையைத் திரும்ப வாங்க அவளிடம் இருந்தது வாய்வார்த்தை ஒன்றுதான். அதைப் பிள்ளை ஏற்றுக்கொள்ளவில்லை.

நிலைமை இப்படி இருக்கும்போதுதான் டீச்சருக்குக் காலப்பெட்டகம் செய்கிற யோசனை உதித்தது. ஞாயிற்றுக்கிழமை எல்லாரையும் கூடத்தில் உட்காரவைத்து அறிவித்தாள்.

"அந்த மாதிரி நாளெல்லாம் இனிமே வராது. நம்ம குடும்பம் அதை எவ்வளவு ஒத்துமையா தாண்டிச்சுன்னு பதிவு பண்ணி வைக்கணும். மாடிப்படிக்கு அடியில அடைச்சு வச்சிடலாம். இருபத்தஞ்சு வருஷம் கழிச்சுக் குட்டி திறந்து பார்க்கட்டும்."

ஒற்றுமை என்ற சொல்லைக் கேட்டதும் சின்னவளுக்கு வாயில் எச்சில் ஊறிக்கொண்டு வந்தது. வாந்திக்கு முன்னால் ஊறுமே, அந்த எச்சில்.

டீச்சர் ஆயிற்றே, சட்டதிட்டம் இல்லாமல் இருக்குமா? மூடியைக் கொக்கி போட்டு இறுக்குகிற ஒரு சில்வர் டிரம். ஆளுக்கு ஓர் உறை, ஒட்டிக் கொடுக்க வேண்டும், ஒருத்தருடையதை ஒருத்தர் பார்க்கக் கூடாது. எழுதின தாளையெல்லாம் ஜெராக்ஸ் கடையில் லேமினேஷன் போட்டுவிட வேண்டும். இதுபோக எல்லாருக்கும் பொதுவாக 'எங்கள் ஒற்றுமையின் நாட்கள்' என்று டீச்சரே ஒரு பக்கம் எழுதி, குரலை ஏற்றி இறக்கி வாசித்தாள். அதில் சின்னவளுக்கும் இடம் இருந்தது. 'எங்கள் சின்னவள் பொதுநலம் கருதி, தானே விரும்பித் தனித்திருந்தாள். நாங்கள் எவ்வளவோ அழைத்தும் அவள் வரவில்லை.'

குட்டி தலையைத் தூக்கி அம்மாவைப் பார்த்தது. நான் சொன்னேன் பார்த்தாயா என்கிற பார்வை.

"அக்கா, யாரு அழைச்சீங்க?" என்றாள் சின்னவள். "நூத்தி நாப்பத்து மூணு நாள்னு எழுதுங்க. வைப்பர்னு எழுதுங்க."

"குழந்தை படிக்கப் போறது. அசிங்கத்தையெல்லாம் எதுக்கு எழுதணும்?"

"செய்யலாம், எழுதத்தான் கூடாதா?"

"ஆரம்பிச்சிட்டா" என்று பெரியவர் விட்டத்தைப் பார்த்தார். கல்லுளிமங்கன் தன் கால் பெருவிரலைப் பார்த்தான்.

முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பார்கள் என்று கேள்விப்பட்டிருக்கிறோம். இவர்கள் போட்டோவே எடுத்தார்கள். அந்த நாளில் யாருக்கும் படம் எடுக்கத் தோன்றவில்லையாம். அதனால் சின்னவள் தன் பழைய சீருடையை மாட்டிக்கொண்டு ஷெட்டுக்குள் நிற்க வேண்டும், டீச்சர் இரண்டு கையாலும் தட்டை ஏந்திக்கொண்டு ஷட்டருக்கு முன்னால் நிற்க வேண்டும், மற்றவர்கள் கையசைக்க வேண்டும். "கொஞ்சம் சிரி, என்னமோ பறிகொடுத்தவ மாதிரி நிக்கிறியே" என்றாள் டீச்சர். தட்டில் சாப்பாடுகூடக் கிடையாது. வெறும் தட்டு. சின்னவள் சிரிக்கவில்லை, பல்லைக் கடித்ததைத்தான் கேமரா சிரிப்பு என்று எடுத்துக்கொண்டது.

தன் உறையில் அவள் அந்த மூன்று பரிசோதனைத் தாள்களையும் வைத்தாள். லேமினேஷனுக்குக் கொடுக்கவில்லை. புருஷன் கைக்குப் போனால் அண்ணி கண்ணுக்குப் போகும், அண்ணி கண்ணுக்குப் போனால் குப்பைக்குப் போகும் என்று அவளுக்குத் தெரியும். இருபத்தைந்து வருஷம் கழித்தாவது பிள்ளை தேதியைப் பார்த்துத் தெரிந்துகொள்ளட்டும் என்று வெறுந்தாளாகவே மடித்து ஒட்டினாள்.

பெரியவர் கொண்டுவந்தது உறை இல்லை, பாட்டில். ஊர் அடைத்த நாளில் மொட்டை மாடியில் தக்காளி போட்டுப் பழகியிருந்தார். அந்தப் பெருமையைப் பேச ஆரம்பித்தால் வந்தவர்கள் செருப்பைத் தேடுவார்கள். கொதிக்க வைத்த தக்காளிச் சாற்றைக் கண்ணாடி பாட்டிலில் ஊற்றி, மூடியைத் திருகி, தேதி எழுதி ஒட்டியிருந்தார்.

"மாமா, ஈரமா எதையும் வச்சு மூடாதீங்க. பொங்கும். புழு வைக்கும்" என்றாள் சின்னவள்.

"அழுக்குத் துணிக்கும் சாப்பாட்டுப் பொருளுக்கும் வித்தியாசம் இருக்கும்மா" என்றார் பெரியவர். பாட்டில் டிரம்முக்குள் போனது. டிரம் மாடிப்படிக்கு அடியில் இருந்த பொந்துக்குள் போனது. தன் கடையிலிருந்து கொண்டுவந்த டைல்ஸை அவரே வைத்துப் பூசி, திறக்க வேண்டிய வருஷத்தையும் மேலே எழுதினார். எல்லாரும் கைதட்டினார்கள்.

ஆறு வாரம் ஆனது. முதலில் வந்தவை எறும்புகள். அடுத்து ஈ. அதன்பின் புளித்த வாடை ஒன்று படி ஏறி மாடிக்கும் வந்து உட்கார்ந்துகொண்டது. எலி செத்திருக்கும் என்று அலமாரியை நகர்த்தினார்கள், சாக்கடை மூடியைத் தூக்கிப் பார்த்தார்கள். எதுவும் அகப்படவில்லை என்றதும் டீச்சரின் மூக்கு மெல்லச் சின்னவள் பக்கம் திரும்பியது.

"நீ வேலைக்குப் போட்டுட்டு வர்ற துணியெல்லாம் எங்க வைக்கிற?"

ஆட்டைக் கடித்து மாட்டைக் கடித்துக் கடைசியில் அங்கேதான் வந்து நிற்பார்கள் என்று தெரிந்ததுதான். சின்னவள் தன் பையைக் கூடத்து நடுவில் கவிழ்த்துக் கொட்டினாள். இஸ்திரி மடிப்புக் கலையாத சீருடை, ஒரு துண்டு, சாப்பாட்டு டப்பா. சோப்பு வாசனையைத் தவிர ஒன்றுமில்லை. அப்படியும் அன்று குட்டி அம்மாவோடு ஒரே சோபாவில் உட்காரவில்லை. மூக்கை மூடிக்கொண்டு பெரியம்மா மடிக்குப் போனது. அந்த இடத்தில் சின்னவளுக்கு உலகத்தின் மேலேயே அருவருப்பாகப் போய்விட்டது. பிள்ளை மேல் இல்லை. பிள்ளைக்கு அந்த மூக்கைக் கற்றுக்கொடுத்தவர்கள் மேல்.

மறுநாள் காலையில் டைல்ஸ் இடுக்கிலிருந்து பழுப்பாக ஒரு கோடு வழிந்து தரைக்கு வந்திருந்தது. அப்போதுதான் விஷயம் புரிந்தது.

"உடைச்சு எடுத்திடலாம்" என்றார் பெரியவர்.

"வேண்டாம்" என்றான் கல்லுளிமங்கன். எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். "மேல இன்னொரு பூச்சு பூசிடலாம். அப்படியே இருக்கட்டும். எதுக்குத் திறந்துகிட்டு?" மாசத்துக்கு நாலு வாக்கியம் பேசுகிறவன் ஒரே மூச்சில் மூன்று பேசினான். நெற்றியில் வேர்வை வேறு. சின்னவள் அதைக் கவனித்துக்கொண்டாள்.

பெரியவர் சுத்தியலால் நாலு தட்டுத் தட்டினார். டைல்ஸ் விழுந்தது. உள்ளே இருந்து வந்த காற்றை ஒரு தடவைதான் இழுத்தார். வாயைப் பொத்திக்கொண்டு வாசலுக்கு ஓடி, செடித்தொட்டியில் குனிந்துகொண்டார். டீச்சர் கைக்குட்டையால் மூக்கை மூடிக்கொண்டு, "சின்னவளே, இதெல்லாம் உனக்குப் பழக்கம்தானே" என்றாள்.

பழக்கம்தான். கையுறை போட்டாள், ரப்பர் ஏப்ரன் கட்டினாள், டிரம்மைக் கட்டிப் பிடித்துத் தூக்கிக்கொண்டு ஷெட்டுக்குப் போனாள். ஷட்டரை முழுதாக ஏற்றிவிட்டாள். மற்ற நாலு பேரும் வெளியே பத்தடி தள்ளி, வாயையும் மூக்கையும் பொத்திக்கொண்டு நின்றார்கள்.

கொக்கியை விடுவித்ததும் மூடி தானே எகிறியது. பாட்டில் பொங்கி வெடித்திருந்தது. உள்ளே முழுக்கச் செங்கூழ். அதன்மேல் விரற்கடை உயரத்துக்குச் சாம்பல் பூஞ்சை. பூஞ்சைக்குள் வெள்ளைப் புழுக்கள் நெளிந்தன. சின்னவளுக்கு ஒன்றும் ஆகவில்லை. ஆஸ்பத்திரியில் பிரிக்கிற மாதிரியே பிரித்தாள். கண்ணாடித்துண்டு ஒரு வாளி, அழுகினது ஒரு வாளி, கழுவக்கூடியது ஒரு வாளி. கையுறையில் முதலில் வந்தது அவளுடைய உறைதான். மூன்று தாளும் கஞ்சியாகிப் போயிருந்தன. விரலால் தொட்டதும் தேதி, முத்திரை எல்லாம் கரைந்து ஒழுகின. அடுத்து 'எங்கள் ஒற்றுமையின் நாட்கள்' வந்தது. வாளித் தண்ணீரில் ஒரு முக்கு முக்கியதும் பளபளவென்று எழுந்து நின்றது, ஓர் எழுத்து அழியவில்லை. லேமினேஷன் போட்டிருந்த போட்டோவும் அப்படியே, வெறுந்தட்டோடு. அவள் வைத்த உண்மை புழுத்துப் போயிற்று, அவர்கள் வைத்த பொய்க்குத் தண்ணீர்கூட ஒட்டவில்லை. சின்னவளுக்கு அழுகை வரவில்லை. காறித் துப்பத்தான் வந்தது.

"எல்லாத்தையும் கழுவி வை. அடுத்த வாரம் மறுபடி மூடிடலாம்" என்றாள் டீச்சர், தூரத்திலிருந்து.

அடியில் இன்னும் ஓர் உறை இருந்தது. ஊறி வாய் பிளந்திருந்தது. புருஷனுடையது. உள்ளே லேமினேஷன் போட்ட ஓர் அட்டை. மூலையில் ஓட்டை போட்டு, நூலில் ஒரு சாவி கட்டியிருந்தது.

"அதைப் பாக்காத. அவங்கவங்க உறை அவங்கவங்களுக்குத்தான்னு சொன்னாங்கல்ல" என்றான் கல்லுளிமங்கன்.

சின்னவள் அட்டையை அலசித் துடைத்தாள். படித்தாள். இரண்டாவது தடவையும் படித்தாள். அழகாக டைப் அடித்து, நாலு பக்கமும் சமமாக ஓரம் விட்டு, ஒரு பிழை இல்லாமல் இருந்தது. புழுவுக்குப் புரளாத குடல் அப்போது புரண்டது. குனிந்து வாளியில் வாந்தி எடுத்தாள். பதினோரு வருஷத்தில் முதல் தடவை.

வாயைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்து, "குட்டி, இங்க வா" என்றாள்.

"போகாத, கிருமி" என்று டீச்சர் பிள்ளையின் தோளைப் பிடித்தாள். பிள்ளையும் அசையவில்லை. மூக்கை இறுக்கிக்கொண்டு, "நீ கை கழுவல" என்றது.

"சரி. அங்கேயே நில்லு."

ஷெட்டு மூலையில் ஒரு வைப்பர் சாத்தியிருந்தது. சின்னவள் அட்டையைச் சாவியோடு தரையில் வைத்தாள். வைப்பரை எடுத்து, ரப்பரால் அதைத் தள்ளிக்கொண்டே போய், ஷட்டர் கோட்டைத் தாண்டி, மகளின் காலடியில் விட்டாள். டீச்சர் வேறு பக்கம் பார்த்தாள். பெரியவர் செடித்தொட்டியைப் பார்த்தார்.

"வாசி. பள்ளிக்கூடத்துல வாசிக்கிற மாதிரி சத்தமா வாசி."

குட்டி குனிந்து எடுத்தது. நன்றாகப் படிக்கிற பிள்ளை, திக்காமல் வாசித்தது.

"இருபத்தைந்து வருடம் கழித்து இதைப் படிப்பவருக்கு. ஷெட் கதவுச் சாவி தொலையவில்லை. அந்த நூற்று நாற்பத்து மூன்று நாளும் என் சட்டைப் பையில்தான் இருந்தது. கொடுக்க வேண்டாம் என்று அண்ணி சொன்னார்கள். சாவி அம்மாவிடம் இருக்கிறது என்று குழந்தையிடம் சொன்னபோதும் நான் பேசாமல் இருந்தேன். குழந்தை கதவைத் தட்டி அழுதபோது..."

அங்கே குரல் நின்றுவிட்டது. மீதியை வாய்க்குள்ளேயே படித்தது. கடைசி வரி என்னவென்று சின்னவளுக்குத் தெரியும். 'அதற்குள் எல்லாம் ஆறியிருக்கும். என்னை மன்னிக்கவும்.'

ஆறியிருக்குமாம். பெண்டாட்டி அடுத்த அறையில் இருக்கிறாள், மகள் அடுத்த கட்டிலில் படுக்கிறாள். அவர்களிடம் சொல்ல வாய் வராதவன், இருபத்தைந்து வருஷத்துக்குக் கெடாத மாதிரி பிளாஸ்டிக் உறை போட்டு மன்னிப்பைப் பத்திரப்படுத்தியிருக்கிறான். இந்தப் பிழைப்புக்கு அந்தப் புழுக்கள் மேல். அவை அழுகினதைத்தான் தின்கின்றன.

"நான் அப்படிச் சொன்னது குழந்தை அழக் கூடாதுன்னுதான்" என்று தொடங்கினாள் டீச்சர். யாரும் அவளைப் பார்க்கவில்லை.

குட்டி நடந்தது. ஷட்டர் கோட்டைத் தாண்டி உள்ளே வந்தது. வாளிகளைத் தாண்டியது, சிந்திக் கிடந்த செங்கூழில் செருப்பு சப்புச் சப்பென்று ஒட்டியது, மூக்கிலிருந்து கையை எப்போதோ எடுத்துவிட்டிருந்தது. நேராகப் போய் அந்தக் கதவின் முன்னால் நின்று சாவியை நுழைத்தது. நாலு வருஷத்துத் துரு, திரும்பவில்லை. சின்னவள் பின்னால் போய், ஈரம் சொட்டுகிற கையுறையோடேயே பிள்ளையின் கைமேல் கையை வைத்து அழுத்தினாள். இரண்டு பேருமாகத் திருப்பினார்கள். கதவு திறந்துகொண்டது. அந்தப் பக்கம் சமையலறை. அடுப்பு, தண்ணீர்க் கேன், சுவரில் மின்விசிறி. பத்தடிகூட இல்லை.

"இவ்வளவு கிட்டவா இருந்தே?" என்று கேட்டது குட்டி.

"ஆமா கண்ணு."

அதற்குள் கல்லுளிமங்கன் ஷெட்டுக்குள் வந்திருந்தான். கண் கலங்கி, மூக்குச் சிந்தி, பார்க்கச் சகிக்கவில்லை. "குட்டி, அப்பா சொல்றதைக் கொஞ்சம் கேளு" என்று குனிந்து, மகளின் தலையைத் தடவக் கையை நீட்டினான்.

பிள்ளை ஓரடி பின்னால் நகர்ந்து, புழுவும் பூஞ்சையும் அப்பியிருந்த அம்மாவின் ஏப்ரனில் முதுகைச் சாய்த்துக்கொண்டது.

"அப்பா, கை கழுவினீங்களா?" என்று கேட்டது.